‘ஏன்’ என்ற கேள்விக்குக் கிடைக்கும் பதில்கள்

தமிழ்ப்பள்ளி ஆசிரியைப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, மலேசியாவின் பேராக் மாநிலத்திலுள்ள எங்கள் ஊரான சுங்கை சிப்புட்டைச் சுற்றியுள்ள ரப்பர் தோட்டங்களில் உழைத்துவிட்டு இப்போது பட்டணத்துத் தாமான்களில் (குடியிருப்புப் பகுதிகளில்) பிள்ளைகளோடு குடியிருக்கும் முதியோரின் வாழ்க்கைக் கதைகளைப் பதிவு செய்துவருகிறேன். தோட்ட வாழ்க்கை மறைந்துவிடும் முன்னர் அதை எழுத்தில் நிறுத்திவிட வேண்டும் என்பதே தொடக்கத்தில் என் நோக்கமாக இருந்தது. ஆனால் உரையாடல்கள் சேரச் சேர, வரலாற்றைவிட ஆழமான வேறொரு கேள்வி என்னைப் பற்றிக்கொண்டது: ஒரு மனிதர் தம்மைப் பற்றி எவ்வளவு அறிந்திருக்க முடியும்? ‘நான்’ என்று அவர் சொல்லும்போது எதைச் சுட்டுகிறார்? நான் வந்தடைந்த கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தாம் என்ன செய்தோம் என்று ஒருவர் சொல்வதை, மற்றவர்களிடமும் கேட்டு ஒப்பிட்டால் பெரும்பாலும் ஏற்கலாம். ஏன் செய்தோம் என்று அவர் தரும் விளக்கமோ, எவ்வளவு உண்மையான மனத்தோடு சொல்லப்பட்டாலும், பல வேளைகளில் கேட்கப்படும் கணத்தில் கட்டப்படுவதாகவே இருக்கிறது. உள்நோக்கிப் பார்த்தாலே தன்னை முழுதாக அறிந்துவிடலாம் என்ற நம்பிக்கைதான் மயக்கம் என்று நான் கருதுகிறேன்.

என்னை இந்தக் கருத்துக்குக் கொண்டுவந்தவர்களில் முதலாமவர் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பால்மரம் வெட்டிய, அதாவது ரப்பர் மரப் பட்டையைச் சீவிப் பால் எடுத்த, ஒரு பெரியவர். 1969ஆம் ஆண்டு மே மாதக் கலவரத்துக்குப் பிறகு, குடியுரிமை இல்லாதவர்கள் வேலை அனுமதிச் சீட்டு பெற்றுத்தான் வேலை செய்ய முடியும் என்ற விதி நடைமுறைக்கு வந்தபோது, சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்த தோட்டத் தொழிலாளர் பல்லாயிரவர் கப்பலேறித் தமிழ்நாட்டுக்குத் திரும்பினார்கள். பெரியவரும் சிவப்பு அட்டைக்காரர்தான். ஆனால் அவர் போகவில்லை. “ஏன் போகவில்லை?” என்று கேட்டேன். “பிள்ளைங்க படிப்புக்காகத்தான் டீச்சர்” என்றார். அடுத்த முறை நான் சென்றபோது, பல்கலைக்கழகத்தில் படிக்கும் பேரன் பக்கத்தில் அமர்ந்திருந்தான். அதே கேள்விக்கு, “நாம நட்ட மரம், நாம போட்ட ரோடு, இத விட்டுட்டு எங்க போறது?” என்று தலை நிமிர்ந்து சொன்னார். பின்னொரு நாள், அவரோடு ஒரே தண்டலிடம் (தொழிலாளர் மேற்பார்வையாளரிடம்) வேலை செய்த பழைய நண்பர் வந்திருந்த வேளையில், ஊரில் இருந்த காணியைப் பங்காளிகள் எடுத்துக்கொண்டதால் திரும்பிப் போக இடமில்லை என்ற காரணம் வெளிவந்தது.

மூன்றும் பொய்யில்லை. மூன்றையும் அவர் நம்பியே சொன்னார். சொல்லும்போது அவர் குரலிலோ முகத்திலோ தயக்கம் எதுவும் இல்லை. பிறகு அவருடைய மனைவியிடம் தனியே பேசியபோது நான் ‘ஏன்’ என்று கேட்கவில்லை; அந்த மாதம் வீட்டில் என்ன நடந்தது என்று மட்டும் கேட்டேன். “போறதுக்குத்தான் பெட்டியெல்லாம் கட்டியாச்சு. மூத்தவனுக்கு அம்மை போட்டுருச்சு. பினாங்குல கப்பல் போயிருச்சு. அப்புறம் அதப் பத்தி யாரும் பேசல” என்றார் அந்த அம்மா. பெட்டி அவிழ்க்கப்பட்டது, மறுநாள் பெரட்டுக்கு (வேலைக்கு முன் ஆள் கணக்கெடுக்கும் கூட்டத்துக்கு) போனார்கள், வேலை அனுமதிச் சீட்டும் பின்னர் கிடைத்தது. இருந்துவிட்டதற்கான காரணங்கள் எல்லாம், இருந்துவிட்ட பிறகு வந்து சேர்ந்தவை.

இதை அந்தப் பெரியவரின் தனிப்பட்ட குறையாக யாரும் எடுத்துக்கொள்ளக் கூடாது. மனித மனம் பொதுவாகவே இப்படித்தான் இயங்குகிறது என்பதை உளவியலாளர்கள் நெடுங்காலமாகக் காட்டிவருகிறார்கள். ரிச்சர்ட் நிஸ்பெட், திமோதி வில்சன் ஆகிய இருவரும் 1977இல் வெளியிட்ட கட்டுரை இத்துறையில் அடிப்படையானது. அதில் அவர்கள் விவரிக்கும் ஒரு சோதனையில், கடைக்கு வந்தவர்களிடம் நான்கு ஜோடி நைலான் காலுறைகளை வரிசையாக வைத்து, எது தரமானது என்று கேட்டார்கள். நான்கும் ஒரே மாதிரியானவை. ஆயினும் வலக்கோடியில் இருந்ததை மக்கள் மிகுதியாகத் தேர்ந்தெடுத்தார்கள். இடக்கோடியில் இருந்ததோடு ஒப்பிட்டால் ஏறத்தாழ நான்கு மடங்கு. ஏன் அதைத் தேர்ந்தெடுத்தீர்கள் என்று கேட்டபோது பின்னல், மென்மை, தரம் என்று பேசினார்களே தவிர, பொருள் வைக்கப்பட்டிருந்த இடத்தைக் காரணமாக ஒருவரும் சொல்லவில்லை. இடம் காரணமாக இருந்திருக்குமோ என்று நேராகக் கேட்டபோதும் மறுத்தார்கள். ஒருவர் தம் செயலுக்குக் காரணம் சொல்லும்போது தம் மனத்துக்குள் எட்டிப் பார்த்துச் சொல்வதாக நினைக்கிறார். உண்மையில், இப்படிப்பட்ட செயலுக்கு இப்படிப்பட்ட காரணம் பொருந்தும் என்ற பொது அறிவைக் கொண்டு, வெளியாள் ஒருவர் ஊகிப்பதைப் போலவே ஊகிக்கிறார் என்பது அவர்களுடைய முடிவு.

இதைவிட அதிர்ச்சி தரும் சான்று மூளை ஆராய்ச்சியிலிருந்து வந்தது. கடுமையான வலிப்பு நோயைக் கட்டுப்படுத்துவதற்காக, மூளையின் இரு பாதிகளையும் இணைக்கும் நரம்புக் கற்றையை அறுத்த நோயாளிகளை ரோஜர் ஸ்பெரியும் அவருடைய மாணவர் மைக்கேல் கசானிகாவும் ஆராய்ந்தார்கள். ஸ்பெரிக்கு 1981இல் நோபல் பரிசு கிடைத்தது. கசானிகாவும் ஜோசப் லெடூவும் 1978இல் விவரித்த ஒரு சோதனையில், இப்படிப்பட்ட நோயாளி ஒருவரின் இடப்பாதி மூளைக்கு மட்டும் கோழிக்கால் படமும், வலப்பாதிக்கு மட்டும் பனி மூடிய வீட்டின் படமும் காட்டப்பட்டன. பிறகு, முன்னால் பரப்பியிருந்த படங்களிலிருந்து பொருத்தமானதைச் சுட்டச் சொன்னபோது, வலக்கை கோழியையும் இடக்கை மண்வாரியையும் சுட்டின. இடக்கையை இயக்கும் வலப்பாதி பனிப் படத்தைப் பார்த்திருந்தது; மண்வாரி பனியை அள்ளுவதற்கானது. ஆனால் பேசும் திறன் இடப்பாதியில் இருக்கிறது; அதற்குப் பனிப் படம் தெரியவே தெரியாது. ‘தெரியவில்லை’ என்று அது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. கோழிக்கொட்டகையைச் சுத்தம் செய்ய மண்வாரி வேண்டுமல்லவா என்று உடனே விளக்கம் தந்தது. நம் ஒவ்வொருவருக்குள்ளும் இப்படி ஓயாமல் விளக்கம் சொல்லும் ஓர் இயக்கம் இருக்கிறது என்றும், ‘நான் ஒருவன், எல்லாவற்றையும் நானே தீர்மானிக்கிறேன்’ என்ற உணர்வை அதுவே உண்டாக்குகிறது என்றும் கசானிகா வாதிட்டார்.

இவற்றைப் படித்த பிறகு நான் கேள்வி கேட்கும் முறை முற்றிலும் மாறியது. வீட்டில் பெற்றோரிடமோ தாத்தா பாட்டியிடமோ பழைய கதை கேட்க விரும்பும் எவருக்கும் இது பயன்படும் என்பதால் விரிவாகச் சொல்கிறேன். ‘ஏன் பட்டணத்துக்கு வந்தீர்கள்’ என்று கேட்பதற்குப் பதிலாக, ‘தோட்டத்தை விட்டு வந்த அன்று சாமான்களை எதில் ஏற்றினீர்கள், யார் கூட வந்தார்கள், முதல் இரவு எங்கே சமைத்தீர்கள், கையில் பணம் யாரிடம் இருந்தது’ என்று கேட்கிறேன். லயத்து வீட்டுத் (தொழிலாளர் வரிசை வீட்டுத்) தகரக் கூரையைக் கழற்றிக்கொண்டு வந்ததும், கோயிலிலிருந்து பிடிமண் எடுத்து வந்ததும், கிராணியிடம் (தோட்ட எழுத்தரிடம்) சம்பளப் பாக்கி கேட்டு நின்றதும் இப்படிப்பட்ட கேள்விகளால்தான் வெளிவந்தன. காரணம் தானாகவே செயல்களுக்கு நடுவில் தலை காட்டும்; காட்டாவிட்டால் அதை வற்புறுத்தி வரவழைக்கக் கூடாது. இன்னொன்று: பதிவின் தொடக்கத்தில், அறையில் யார் யார் இருந்தார்கள் என்பதைத் தவறாமல் குறித்து வைக்கிறேன். பேரன் முன்னால் பேசும் ‘நான்’ வேறு, கூட்டாளி முன்னால் பேசும் ‘நான்’ வேறு என்பதால், கேட்பவர் யார் என்று தெரியாத வாழ்க்கைக் கதை பாதிக் கதைதான்.

காரணத்தை வற்புறுத்திக் கேட்பதால் தீங்கும் விளையலாம். திமோதி வில்சனும் அவருடைய குழுவினரும் 1993இல் வெளியிட்ட ஆய்வில், மாணவர்களைச் சுவர்ப்படம் ஒன்றைத் தேர்ந்தெடுத்து வீட்டுக்கு எடுத்துச் செல்லச் சொன்னார்கள். தேர்ந்தெடுப்பதற்கு முன் விருப்பத்துக்கான காரணங்களை எழுதுமாறு கேட்கப்பட்டவர்கள், சில வாரங்கள் கழித்து, அவ்வாறு கேட்கப்படாதவர்களைவிடத் தம் தேர்வில் குறைந்த மனநிறைவோடு இருந்தார்கள். சொற்களில் எளிதாகச் சொல்லக்கூடிய காரணங்களை நோக்கி விருப்பமே சாய்ந்துவிடுகிறது. சொல்ல வராத உண்மையான ஈர்ப்பு ஒதுக்கப்படுகிறது. எஸ்.பி.எம். (பள்ளியிறுதித் தேர்வு) முடித்த பிள்ளைகளைச் சுற்றி உட்கார்ந்துகொண்டு, ஏன் இந்தப் பாடம், ஏன் இந்தக் கல்லூரி என்று உறவினர் எல்லோரும் கேட்கும்போது, அந்தப் பிள்ளை தன் விருப்பத்தை விளக்கவில்லை, சபைக்கு ஏற்ற ஒரு விருப்பத்தைத் தயாரிக்கிறது என்பதை ஆசிரியை என்ற முறையில் பலமுறை பார்த்திருக்கிறேன். அந்த வயதில் ஒரு பிள்ளை யாரும் சொல்லாமலே எதைத் தேடிச் செய்கிறது, எதில் நேரம் போவது தெரியாமல் இருக்கிறது என்று கவனிப்பது மேலானது.

காரணம்தான் கட்டப்படுகிறது, நினைவாவது அப்படியே இருக்கும் என்று நம்பவும் வழியில்லை. சுங்கை சிப்புட்டுக்கு நாட்டு வரலாற்றில் ஓர் இடம் உண்டு. 1948 ஜூன் 16ஆம் நாள் காலையில், இப்பகுதித் தோட்டங்களில் ஐரோப்பியத் துரைமார் மூவர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அடுத்த சில நாட்களில் மலாயா முழுவதும் அவசரகாலம் பிரகடனம் செய்யப்பட்டு 1960 வரை நீடித்தது. எங்கள் ஊர் முதியோர் பலர் அன்று காலை தாம் எங்கே இருந்தோம் என்று துல்லியமாகச் சொல்வார்கள். ஒருவர் வெடிச்சத்தம் கேட்டதையும், அம்மா தன்னை இழுத்துக்கொண்டு லயத்துக்குள் ஓடியதையும் கண்ணீரோடு விவரித்தார். அவருடைய அக்காவோ, அந்த ஆண்டில் தம் குடும்பம் தெலுக் இந்தான் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்தது என்றும், தம்பி அப்போது ஆயாக்கொட்டகையில் விடப்படும் கைக்குழந்தை என்றும் சொன்னார். பிறப்புச் சான்றிதழும் அக்காவின் பக்கமே நின்றது.

அமெரிக்காவில் சேலஞ்சர் விண்கலம் 1986 ஜனவரி 28ஆம் நாள் வெடித்துச் சிதறிய மறுநாள் காலையில், எமரி பல்கலைக்கழக உளவியலாளர் அல்ரிக் நைசர் தம் மாணவர்களிடம் அந்தச் செய்தியை எங்கே, எப்படிக் கேள்விப்பட்டார்கள் என்று எழுதி வாங்கினார். இரண்டரை ஆண்டுகள் கழித்து, அவரும் நிகோல் ஹார்ஷும் அதே கேள்விகளை மீண்டும் கேட்டபோது, முக்கிய விவரங்கள் அனைத்தையும் தவறாகச் சொன்னவர்கள் கால்வாசிப் பேர். பலர் முழு உறுதியோடு சொன்னார்கள். அவர்களுடைய கையெழுத்திலேயே இருந்த பழைய தாளைக் காட்டியும் பழைய நினைவு திரும்பவில்லை. மனத்தில் தெளிவாகத் தெரிவதும் உறுதியாகத் தோன்றுவதும் ஒன்று, நடந்தது வேறொன்று.

வெடிச்சத்தம் கேட்டதாகச் சொன்ன பெரியவரை நான் திருத்தவில்லை. இந்த ஊரில் வளர்ந்து, இந்த ஊரின் கதையைப் பெரியவர்கள் வாயிலாகக் கேட்டுக் கேட்டு, ஊரின் நினைவு அவருடைய நினைவாகிவிட்டது. இதைப் புரிந்துகொள்ள எனக்கு மேலைநாட்டு உளவியலைவிட, எங்கள் கோயில் மண்டபத்தில் வாரந்தோறும் நடக்கும் சித்தாந்த வகுப்பே அதிகம் உதவியது. உயிர் சார்ந்ததன் வண்ணமாகும் என்று சைவ சித்தாந்தம் சொல்கிறது. பளிங்கு தன்னை அடுத்த பொருளின் நிறத்தைக் காட்டுவதுபோல, உயிர் எதனோடு சேர்கிறதோ அதன் இயல்பையே தன் இயல்பாகக் கொண்டு நிற்கும். ஊரோடு சேர்ந்த உயிர் ஊரின் நினைவைத் தன் நினைவாகக் கொள்வதில் வியப்பில்லை.

‘நான்’ என்ற ஒன்று உண்டா என்பது பற்றித் தத்துவத்தில் நெடிய வழக்கு இருக்கிறது. ஸ்காட்லாந்துத் தத்துவவாதி டேவிட் ஹியூம் 1739இல் வெளியான தம் நூலில், தமக்குள் எவ்வளவு நெருங்கிச் சென்று தேடினாலும் சூடு, குளிர், அன்பு, வெறுப்பு, இன்பம், துன்பம் என ஏதேனும் ஓர் உணர்வுதான் அகப்படுகிறதே ஒழிய, அவற்றுக்கு அப்பால் ‘தான்’ என்ற ஒன்று அகப்படவில்லை என்று எழுதினார். அவருக்கு முன்பே பௌத்தம் இதைச் சொல்லியிருந்தது. தமிழில் மணிமேகலையின் இறுதிக் காதையில் அறவண அடிகள் மனிதரை உரு, நுகர்ச்சி, குறிப்பு, பாவனை, அறிவு என்னும் ஐந்து கந்தங்களாக, அதாவது தொகுதிகளாக, பகுத்துக் காட்டுகிறார். தொகுப்பு இருக்கிறது, தொகுப்புக்குள் உடைமைக்காரர் இல்லை என்பது பௌத்தத்தின் நிலைப்பாடு.

13ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் அருளிய சைவ சித்தாந்த நூலான சிவஞானபோதம் பன்னிரண்டு நூற்பாக்களால் ஆனது. பௌத்தத்துக்கு மாறாக, அதன் மூன்றாம் நூற்பா உயிர் உண்டு என்பதை நிறுவுகிறது. ‘எனது உடல்’ என்று சொல்வதால் உடலுக்கு வேறாக ஒருவர் உண்டு என்பது அதிலுள்ள வாதங்களில் ஒன்று. ‘என் மனம்’, ‘என் உயிர்’ என்றும் நாம் சொல்கிறோமே என்பதால், இந்த வாதம் மட்டும் எனக்கு முழு நிறைவைத் தரவில்லை. ஆனால் அதே நூற்பாவில் இறுதியாக வரும் வாதம், என்னுடைய பதிவு வேலை முழுவதற்கும் விளக்கம் போல் அமைந்தது: உயிர், உணர்த்த உணர்வது. அது தானே எதையும் அறிவதில்லை, அறிவிக்கப்பட்டால்தான் அறியும். உணர்த்துபவன் இறைவன் என்பது சித்தாந்தத்தின் முடிவு. அந்த உயர்ந்த பொருளைக் குறைக்காமலேயே, அன்றாட நிலையில் நம்மை நமக்கு உணர்த்துபவர்கள் உடன் வாழ்பவர்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம் என்று நான் நினைக்கிறேன். ‘நான் இல்லை’ என்ற முடிவுக்கு என்னால் போக இயலவில்லை. ‘நான் தனித்து என்னை அறிவேன்’ என்ற முடிவுக்கும் போக இயலவில்லை.

இதை எனக்குக் கண்ணெதிரே காட்டியவர் ஒரு மூதாட்டி. பதினான்கு வயதில் பால் வெட்டும் உளி பிடித்தவர். விடியும் முன் நிரைக்குள் (மர வரிசைக்குள்) இறங்கி, குளிர் விலகுமுன் வெட்டி முடித்தால்தான் பால் நன்றாக இறங்கும் என்று விளக்கியவர். பட்டையை எவ்வளவு ஆழம் சீவ வேண்டும் என்று கேட்டபோது அவரால் சொல்ல முடியவில்லை; கையில் ஒரு குச்சியைக் கொடுத்ததும், வீட்டுத் தூணில் சாய்வாக இழுத்து, மரத்துக்குக் காயம் படாத இடத்தில் கையை நிறுத்திக் காட்டினார். சொல்லுக்கு வராத அறிவும் ஒருவருடைய ‘தான்’ என்பதில் சேரும் என்பதை அந்தக் கை எனக்குச் சொன்னது. அவர் தம்மைப் பற்றி எப்போதும் ஒன்றே சொல்வார்: “நான் ரொம்ப பயந்தவ டீச்சர். யார் சத்தம் போட்டாலும் நடுங்கிப் போயிருவேன்.” அவரோடு வேலை செய்த பெண்களைத் தேடிப் போய்க் கேட்டபோது, எல்லோரும் அதற்கு நேர் எதிராகப் பேசினார்கள். ஸ்டோரில் பால் நிறுக்கும்போது எடை குறைத்து எழுதப்படுவதாகச் சந்தேகம் வந்த நாளில், வாளியைக் கீழே வைத்துவிட்டு, “மறுபடி நிறுங்க ஐயா, நான் பார்க்கணும்” என்று முதலில் சொன்னவர் அவர்தான் என்றும், அவர் நின்றதால்தான் மற்றவர்களும் நின்றார்கள் என்றும் சொன்னார்கள்.

இதில் யார் சொல்வது சரி? இருதரப்பும் சரி. உளவியலாளர் சிமின் வசீரே 2010இல் வெளியிட்ட ஆய்வு இதைத் தெளிவாக்குகிறது. பதற்றம், மனக்கலக்கம் போன்ற உள்ளே நிகழும் தன்மைகளைப் பொறுத்தவரை ஒருவர் தம்மைப் பற்றிச் சொல்வதே துல்லியமாக இருக்கிறது. அறிவுத்திறன், படைப்பாற்றல் போன்று நல்லது கெட்டது என்ற மதிப்பீடு கலந்த தன்மைகளில், நெருங்கிய நண்பர்கள் சொல்வதே துல்லியமாக இருக்கிறது. மூதாட்டி தம் நடுக்கத்தை அறிவார். அது வேறு யாருக்கும் தெரியாது. அவர் நின்றதை மற்றவர்கள் அறிவார்கள். தம் நடுக்கத்திலேயே மூழ்கியிருந்ததால் அவருக்கு அது தெரியவில்லை. தோழிகள் சொன்னதை நான் அவருக்குப் படித்துக் காட்டியபோது நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, “நடுங்கிக்கிட்டேதான் நின்னேன்” என்றார். தன்னறிவு என்று நான் சொல்வது இந்த ஒரு வாக்கியத்தைத்தான். உள்ளிருந்து தெரிந்ததும் வெளியிலிருந்து தெரிந்ததும் அதில் சேர்ந்து நிற்கின்றன. ஐம்பது ஆண்டுகளாக அவர் தனியே யோசித்து அதற்கு வந்து சேரவில்லை.

ஆகவே, தம்மை அறிய விரும்புகிறவர்களுக்கு என் அனுபவத்திலிருந்து ஒரு வழி சொல்வேன். உங்கள் கவலை, அச்சம், ஏக்கம் ஆகியவற்றைப் பற்றி உங்கள் சொல்லையே நம்புங்கள். உங்கள் நடத்தையைப் பற்றியும் திறமையைப் பற்றியும், உங்களிடம் எதையும் எதிர்பார்க்காத, உங்களுக்கு அஞ்சாத ஒருவரிடம் கேளுங்கள். எங்கள் குடும்பங்களில் பெரும்பாலும் அந்த இடம் அண்ணியிடமோ கொழுந்தனிடமோ இருக்கிறது. கூடவே வாழ்ந்தும் ஓரடி விலகி நின்று பார்த்தவர்கள் அவர்கள். பொதுவாக ‘நான் எப்படிப்பட்டவள்’ என்று கேட்டால் புகழ்ச்சியோ பழைய மனத்தாங்கலோதான் வரும். ‘அப்பா இறந்த அன்று நான் என்ன செய்துகொண்டிருந்தேன்’ என்பதுபோல், குறிப்பிட்ட ஒரு நாளைச் சுட்டிக் கேட்க வேண்டும்.

மூதாட்டியிடம் கற்ற இன்னொன்றும் உண்டு. தம் முதல் குழந்தை காய்ச்சலில் இறந்த நாளைப் பற்றி அவர் பேசத் தொடங்கியபோது, ‘நான்’ என்ற சொல் அவர் பேச்சிலிருந்து மறைந்துவிட்டது. “அந்தப் புள்ள என்னா செய்யும், பதினெட்டு வயசு, கூட யாரும் இல்ல” என்று, இளம் வயதுத் தம்மையே வேறொருத்தியாக வைத்துப் பேசினார். அப்படிப் பேசியதால்தான் முழுவதையும் சொல்ல முடிந்தது. உளவியலாளர் ஈதன் கிராஸ் குழுவினர் 2014இல் வெளியிட்ட ஆய்வுகளில், மன அழுத்தம் தரும் பேச்சுக்கு ஆயத்தமாகும்போது ‘நான்’ என்று எண்ணியவர்களைவிட, தம் பெயரைச் சொல்லித் தம்மோடு பேசிக்கொண்டவர்கள் குறைந்த கலக்கத்தோடும் மேலான திறமையோடும் பேசினார்கள். துயரத்தைச் சொல்ல முடியாமல் தவிக்கும் முதியோரிடம் இப்போது நான், “அப்போது அந்தப் பெண்ணுக்கு யார் துணை இருந்தார்கள்?” என்று கேட்கிறேன். அவர்கள் உடனே புரிந்துகொள்கிறார்கள்.

நினைவு போய்விட்டால் ஆள் போய்விடுகிறாரா என்ற கேள்வி, இந்த வேலையில் அடிக்கடி எதிர்ப்படுகிறது. மறதி நோய் முற்றிய ஒரு முன்னாள் தண்டலின் வீட்டில், அவருடைய மனைவி என்னிடம் சொன்னார்: “என் பேரு மறந்துபோச்சு அவருக்கு. ஆனா யாரு வீட்டுக்கு வந்தாலும் முதல்ல சாப்பிடச் சொல்வாரு. மனுஷன் அப்படியே இருக்காரு.” நினா ஸ்ட்ரோமிங்கரும் ஷான் நிக்கோல்ஸும் மூளை நோயாளிகளின் குடும்பத்தாரிடம் நடத்தி 2015இல் வெளியிட்ட ஆய்வும் இதையே கண்டது: நினைவு இழப்பைவிட, இரக்கம், நேர்மை போன்ற அறக்குணங்கள் மாறியபோதுதான், இவர் பழைய ஆள் இல்லை என்ற எண்ணம் குடும்பத்தாருக்கு வலுவாக எழுந்தது. மறதி நோயாளியைப் பராமரிக்கிறவர்கள், ‘நான் யார் சொல்லுங்கள், இவர் யார் சொல்லுங்கள்’ என்று சோதிப்பதை விட்டுவிட்டு, அவர் எந்தக் குணத்தால் அவராக இருந்தாரோ அதைச் செய்ய அவருக்கு வாய்ப்புத் தர வேண்டும். அந்த வீட்டில் இப்போதும் விருந்தினருக்கு முதல் தட்டை அவர் கையால்தான் கொடுக்கவைக்கிறார்கள்.

இவ்வளவும் படித்துவிட்டு, பிறர் சொல்லும் காரணங்களை உடைத்துக் காட்டும் ஆயுதமாக யாரும் இதைக் கையாளக் கூடாது என்று வேண்டுகிறேன். ‘பிள்ளைகள் படிப்புக்காக இருந்தேன்’ என்று ஒரு தகப்பன் சொல்லும்போது, அம்மை வந்ததால்தான் இருந்தாய் என்று மறுப்பதில் எந்த அறிவும் இல்லை. அந்தக் காரணம் பின்னால் வந்து சேர்ந்ததுதான். ஆனால் வந்து சேர்ந்த பிறகு அவர் அதற்கேற்ப வாழ்ந்திருக்கிறார். ஞாயிற்றுக்கிழமையிலும் வேலைக்குப் போய்ப் பிள்ளைகளைப் படிக்க வைத்திருக்கிறார். பின்னர் கட்டிய கதையும் முன்னோக்கி வாழ வைக்கும் வலிமை கொண்டது. நான் தொகுத்துவரும் நூலில் ஒரே நிகழ்ச்சிக்கு இரண்டு மூன்று கூற்றுகள் இருந்தால் அனைத்தையும் அச்சிடுகிறேன். யார் முன்னிலையில் சொல்லப்பட்டது என்பதும் உடன் இருக்கும். சொன்னவரிடமும் அவர் வீட்டாரிடமும் படித்துக் காட்டி ஒப்புதல் பெறாமல் எதையும் சேர்ப்பதில்லை.

முதியோரின் பதிவுகளோடு, இப்போது ஊரை விட்டுப் புறப்படும் இளையோரிடமும் எழுதி வாங்கத் தொடங்கியிருக்கிறேன். சிங்கப்பூருக்கும் ஜொகூருக்கும் கோலாலம்பூருக்கும் வேலைக்குப் போகிறவர்கள், புறப்படும் வாரத்திலேயே ஒரு தாளில் எழுதி, தேதியிட்டு, உறையிலிட்டுத் தம் வீட்டிலேயே வைத்துவிட்டுப் போகிறார்கள். பல ஆண்டுகள் கழித்து அவர்களே திறந்து, அப்போதைய தம் நினைவோடு ஒப்பிட்டுக்கொள்ளலாம். தாளில் ஏன் போகிறாய் என்ற கேள்வி இல்லை. இந்த வாரம் யாரிடமெல்லாம் சொல்லிக்கொண்டாய், யாரிடம் சொல்லாமல் விட்டாய், பெட்டியில் என்ன வைத்தாய், எதை எடுத்து மீண்டும் வெளியே வைத்தாய், யாரிடம் கடன் வாங்கினாய், இரவில் எத்தனை மணிக்குத் தூங்கினாய் என்பவைதாம் கேள்விகள். கடைசிக் கேள்வியை மட்டும் புறப்படுபவர் எழுதுவதில்லை. அது வீட்டில் உள்ள ஒருவருக்கு உரியது: இந்த வாரம் இவர் எப்படி இருந்தார்?